தூளியில் வலது கை

அழைப்பு மணி அலறியதும் அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. சீப்பு நழுவிக் கட்டிலுக்கு அடியில் போனது. இடது கையால் வாரியதில் வகிடு எப்படியும் கோணல்தான். நாற்காலியில் கிடந்த துணித்தூளியைக் கழுத்தில் மாட்டி, வலது கையை அதற்குள் படுக்கவைத்துக்கொண்டு ஓடினாள்.

வாசலில் அக்காவின் கணவர். ஒருமுறை கோர்ட்டில் சாட்சி சொல்லிவிட்டு வந்ததிலிருந்து குடும்பத்தில் அவருக்குச் சட்டப்புலி என்று பெயர்.

"என்ன மச்சினி, பேயைப் பாத்த மாதிரி நிக்கிற?"

"இன்சூரன்ஸ் ஆளோன்னு நெனச்சுட்டேன் மாமா."

"அந்தப் பயம் இருக்கணும். எந்த ரூபத்துல வேணா வருவான். நீ கையை ஆட்டுறதை ஒரு போட்டோ எடுத்தான்னா போச்சு. கைதான் நல்லா இருக்கே, நஷ்டஈடு எதுக்கும்பான். சரி கெளம்பு, இன்சூரன்ஸ் கம்பெனி டாக்டர் காத்துட்டிருப்பாங்க."

கேக்கின் மேல் க்ரீமைப் பிழிந்து பூவும் இலையுமாக விரியவைப்பது அவள் வேலை. பேக்கரியில் அந்தக் கைக்குத்தான் சம்பளம். பேருந்திலிருந்து இறங்கும்போது ஒரு கால் தரையில் படுவதற்குள் வண்டி நகர்ந்துவிட்டது. மணிக்கட்டு முறிந்தது. நஷ்டஈடு கேட்டுக் கேஸ் போட்டார்கள். மாவுக்கட்டைப் பிரித்த அன்று பிசியோ பெண், "வலிக்கத்தான் செய்யும்க்கா. வலிக்க வலிக்க விரலை மடக்குங்க" என்று படித்துப் படித்துச் சொன்னாள். "அதெல்லாம் கேஸ் முடியட்டும்" என்றார் சட்டப்புலி. பிறகு மாதக்கணக்கில் பிசியோவின் போனை அவள் எடுக்கவே இல்லை.

பகலிலும் ஜன்னல் திரையை இழுத்துவிட்டாள். எதிர்மாடியில் ஒருவன் போனைக் காதில் வைத்தால் கூடக் கையைத் தூளிக்குள் இழுத்துக்கொண்டாள். குளிக்கும்போதும் அந்தக் கையை மடக்கவில்லை. சுவருக்கும் கண் இருக்கும் என்று தோன்றியது. போன வாரம் தெருவில் மகள் தடுக்கி விழப்போனாள். பிடிக்க நீண்ட வலது கையை, பாதியில் வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள். குழந்தை முழங்கால் சிராய்த்து விழுந்தது. அழக்கூட இல்லை. அம்மாவின் கையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது.

ஆட்டோவில் வழிநெடுக சட்டப்புலி பாடம் நடத்தினார். "எது கேட்டாலும் மடங்கலைன்னு மட்டும் சொல்லு. சிரிக்காத. சிரிச்சா வலி இல்லைன்னு எழுதிடுவாங்க."

டாக்டர் அவரை வெளியிலேயே உட்காரச் சொல்லிவிட்டார். மேஜைக்கு இந்தப்பக்கம் அவள் தனியாக அமர்ந்தாள்.

"பிசியோவுக்கு ஏம்மா போகலை?"

பொய் சொல்லத்தான் வாயைத் திறந்தாள். அழுகை வந்தது. "கை சரியாயிட்டா கேஸ் போயிடும்னாங்க டாக்டர். அதான்... யாராவது போட்டோ எடுத்துடுவாங்கன்னு மடக்க முடியாத மாதிரியே இருந்துட்டேன்."

டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார். "யாரு, வெளிய இருக்காரே, அவரா? எலும்பு முறிஞ்சதுக்கு எக்ஸ்ரே இருக்கும்மா. நீங்க குணமானா அது இல்லேன்னு ஆயிடுமா? வைத்தியம் பாத்துக்கிட்டா கேஸ் கெடாது. பாக்காம விட்டாத்தான், ஏன் விட்டீங்கன்னு கேப்பாங்க."

நெஞ்சில் கிடந்த பாறாங்கல் உருண்டு போனது மாதிரி இருந்தது. யாரும் சொல்லாமலே தூளியைக் கழற்றி, கையை மேஜையில் வைத்தாள். வெளிச்சத்தில் அது வெளுத்து, கொஞ்சம் மெலிந்து தெரிந்தது.

"சரி, இப்ப கெட்டியா முஷ்டி புடிங்க பாக்கலாம்."

க்ரீம் பையைப் பிழிவதாக நினைத்துக்கொண்டாள். கட்டைவிரல் லேசாக அசைந்தது. மற்ற நான்கும் யாரோ மேஜையில் மறந்து வைத்துவிட்டுப் போனவை போலக் கிடந்தன. பல்லைக் கடித்தாள். தோள் நடுங்கியது, கழுத்து நரம்பு புடைத்தது, காதோரம் வியர்வை இறங்கியது. விரல்கள் அப்படியே இருந்தன.

டாக்டர் சிரித்தார். "பயப்படாதீங்கம்மா, இங்க யாரும் போட்டோ எடுக்கலை. மடக்குங்க."

"நான் இப்ப நடிக்கலை டாக்டர்."