எத்தீம் மாப்பிள்ளை

எங்கள் ஒழுங்கையில் உயிரோடு இருந்துகொண்டே மவுத்தான மனிதர் ஒருவர் இருக்கிறார். பெயர் முகைதீன்பாவா. அவரைக் கொன்றது சொந்த மகன் ஸஜாத். கொன்ற இடம் தொலைக்காட்சி.

ஸஜாத் சின்னப் பிள்ளையாக இருந்தபோது, கொழும்பில் எடுத்த நோன்புகால நாடகம் ஒன்றில் எத்தீமாக, அதாவது தகப்பன் இல்லாத பிள்ளையாக, நடித்தான். கடைசிக் காட்சியில் தகப்பனின் கப்று மேட்டுக்கு முன்னால் மண்டியிட்டு, "வாப்பா, எழும்புங்க. நோன்பு துறக்க நேரமாகுது" என்பான். அன்று கல்முனையில் அழாதவள் என்றால், அடுப்பில் கறி கருகுதென்று எழுந்து போனவளாகத்தான் இருப்பாள். மறுநாளே அரிசி, பேரீச்சம்பழம், பெருநாள் சட்டை என்று வீடு தேடி வரத் தொடங்கின. விறாந்தையில் இருந்த முகைதீன்பாவாவின் கையிலேயே கொடுத்து, "எத்தீம் புள்ளைக்கு" என்று சொல்லிவிட்டுப் போவார்கள். அவரும் துஆ செய்து வாங்கி வைப்பார். வேண்டாமென்று சொல்லி நான் கேட்டதில்லை. என் சன்னல் அந்த விறாந்தைக்கு நேரே.

ஸஜாத்தின் குரல் உடைந்ததோடு கொழும்புக்காரர் கூப்பிடுவதை விட்டுவிட்டார்கள். இப்போது சந்தைக்குப் பக்கத்தில் போன் திருத்துகிறான். ஆனால் நாடகம் ஓயவில்லை. நோன்பு வந்தால் போனிலும் வருகிறது. பள்ளிக்கூட விழா, கடை திறப்பு, கலியாண வீடு, எங்கே போனாலும் அந்தச் சீனைச் செய்யச் சொல்வார்கள். தாடியோடு மண்டியிட்டுச் செய்வான். முகத்தில் ஒன்றும் இராது. கண்ணீர் மட்டும் குழாய் திறந்தாற்போல் வரும். துடைத்துவிட்டுப் பிரியாணிக்கு உட்காருவான்.

நாடகக்காரன் என்று பல சம்பந்தம் தட்டிப்போயிற்று. பாலமுனை ஸைனுலாப்தீன் ஹாஜியார் மட்டும் தானாகத் தேடி வந்தார். நெஞ்சு ஒப்பரேசன் செய்து பிழைத்தவர். பிழைத்தால் கடைசி மகள் ஆகிலாவை ஓர் எத்தீமுக்குக் கொடுப்பதாக நேர்ந்து நிய்யத்து வைத்திருந்தார். எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டில் குடியேறுவது. வீடும் கட்டி, பெயின்ற் அடித்து, ஆள் வரக் காத்திருந்தது. பருவம் வந்த ஆம்பிளை எத்தீம் இல்லை என்று மௌலவி சொல்வார். டிவியில் வந்தவனுக்கு அந்தச் சட்டம் இல்லைப்போலும்.

எதற்கும் "ஓம்" என்று மட்டும் சொல்கிற ஸஜாத், இதற்கு மட்டும் தாடியைச் சீராக்கினான். ஆகிலா அந்த நாடகத்தைப் பார்த்ததே இல்லை என்று அவனிடம் போனில் சொன்னாளாம்.

கலியாணம் பேசுகிற நபீஸாவை மதிலுக்கு மேலால் பிடித்தேன். "என்னகா, வாப்பாதான் குத்துக்கல்லாட்டம் இரிக்காரே?"

"அவங்க கேக்கல்ல, நான் செல்லல்ல. அது பொய்யாகா?"

"அப்ப அவர எங்க ஒளிக்கப் போறீங்க? கோழிக்கூட்டுக்கையா?"

வழி சொன்னது முகைதீன்பாவாதான், தனக்குத் தானே தம்பியாகிற வழி. "நான் சாச்சாவா இரிக்கன் மனே. நிக்காஹ் நாள் வரட்டும், மத்தத அப்ப பாத்துக்குவம்."

ஸஜாத் "ஓம்" என்றான்.

வெள்ளிக்கிழமை அசர் தொழுகைக்குப் பிறகு ஹாஜியார் வீட்டார் வட்டிலப்பத் தட்டோடு வந்தார்கள். தேத்தண்ணி ஊற்ற நான் போனேன், கூப்பிடாவிட்டாலும் போயிருப்பேன். "இவர் மாப்பிள்ளைட சாச்சா, இவர்தான் வளத்த" என்றாள் நபீஸா. சாச்சா மூலைக் கதிரையில் சாய்ந்தார். பகல் சோற்றின் கனம், கண் சொருகிவிட்டது.

"மருமகன், வெக்கப்படாதீங்க," என்றார் ஹாஜியார். "அந்தச் சீனை ஒருக்காச் செய்யுங்க. நேர்ல பாக்கணும்."

ஸஜாத் பாயில் மண்டியிட்டான்.

"வாப்பா, எழும்புங்க. நோன்பு துறக்க நேரமாகுது."

மூலையில் முகைதீன்பாவா திடுக்கிட்டு எழும்பினார். "ஆ, என்ன மகன்? பள்ளில பாங்கு செல்லிட்டா?"

ஸஜாத் நிறுத்தவில்லை. மிச்ச வசனத்தையும் சொல்லி முடித்தான். கண்ணீர் வழக்கமான இடத்தில் வந்தது. துடைத்தான்.

"இவர் ஆரு மகன்?" ஹாஜியார் கேட்டார்.

"சாச்சா எண்டுதானே..." என்று நபீஸா தொடங்கினாள்.

"வாப்பா," என்றான் ஸஜாத்.

ஹாஜியார் கோபப்படவில்லை. "நான் நேந்தது எத்தீமுக்கு. மாத்திக் குடுத்துட்டு அல்லாஹ்ட்ட என்ன செல்லுற?" என்று எழுந்தார். போகும்போது முகைதீன்பாவாவின் இரண்டு கையையும் பிடித்து ஸலாம் சொன்னார். வட்டிலப்பத்தைத் திருப்பிக் கேட்கவில்லை.

வேன் போன பிறகும் கிழவர் நின்றபடியே இருந்தார். "நான் கண்ணசந்திரிக்கப்படா மனே."

"பரவால்ல வாப்பா. இவ்வளவு காலமாக் கூப்பிடுறன். இண்டைக்குத்தான் எழும்பியிரிக்கீங்க."

முகத்தில் ஒன்றும் இல்லை. பகிடியா, நிசமா என்று எனக்கே பிடிபடவில்லை. ஸஜாத்தின் போன் அடித்தது. திரையில் ஆகிலா என்று இருந்தது. என் கண்ணுக்கு இன்னும் குறை வரவில்லை. ஸஜாத் அதைக் கவிழ்த்து வைத்துவிட்டு, வட்டிலப்பத்தை வெட்டி முதல் துண்டை வாப்பாவுக்குக் கொடுத்தான். அடுத்த துண்டை எனக்கு நீட்டினான். போன் பாயில் கிடந்து அடித்துக்கொண்டே இருந்தது.