கதிர் அளக்கிறவள்

இரண்டு வருஷமாக நான் ஒரு சொல்லுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருந்தேன். அந்தச் சொல், கதிர்.

என் மகள் சுகன்யா ஜப்பானுக்கு வேலைக்குப் போனபோது, என்ன வேலை என்று எங்கள் மலையூர் வடகவுஞ்சியே கேட்டது. "கதிர் அளக்குற வேலை" என்றேன். பூண்டும் உருளைக்கிழங்கும் போடுகிற ஊர் எங்களுடையது. நெற்கதிர், சோளக்கதிர் என்று அவர்களாகவே நினைத்துக்கொண்டார்கள், நானும் திருத்தவில்லை. அவள் அளந்தது கதிர்வீச்சு. அணுஉலை வெடித்து, ஜனங்கள் வீடு வாசலைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டுப் போன ஊரில். அதைச் சொன்னால் பெண் கேட்டு ஒருத்தரும் வரமாட்டார்களே என்று பயம்.

பத்து நாளைக்கு முன்னால் ஊர் வந்தவள், ஒரு கிலோ அரிசிப் பையை என் கையில் கொடுத்தாள். அந்த ஊருக்குத் திரும்பி வந்து மறுபடி நெல் போட்ட விவசாயி ஒருவர், இவள் கல்யாணத்துக்கென்று கொடுத்தாராம்.

"நானே அளந்து பாத்துட்டேன்ப்பா. சுத்தமான அரிசி."

தலையை ஆட்டினேன். அவள் அந்தப் பக்கம் போனதும் பையைப் பூண்டுப் பரணில் சொருகிவிட்டு, கையை இரண்டு தரம் சோப்புப் போட்டுக் கழுவினேன். வெட்கமாகத்தான் இருக்கிறது, ஆனாலும் சொல்கிறேன்.

நேற்று ஆடலூரிலிருந்து நல்லுசாமியும் அவர் மனைவி விசாலாட்சியும் தங்கள் மகனுக்காகப் பூ வைக்க வந்தார்கள். காப்பித் தோட்டக்காரர்கள்.

"அங்க என்னம்மா, நெல்லுக் கதிரா அளந்தீங்க?" என்று கேட்டார் நல்லுசாமி.

சுகன்யா என்னைப் பார்த்தாள். நான் பஜ்ஜித் தட்டைப் பார்த்தேன்.

"நெல்லையும் அளந்தேன் மாமா. அதுல அணுஉலைக் கதிர்வீச்சு எவ்வளவு இருக்குன்னு."

செல்போனில் படம் காட்டினாள். பழுத்த பழத்தைப் பறிக்க ஆளில்லாத மரங்கள். வீட்டு வாசலில் காட்டுப்பன்றி. வயலின் மேல்மண்ணை வழித்து, கறுப்புப் பைகளில் கட்டி, நம் உருளைக்கிழங்கு மூட்டை மாதிரி கண்ணுக்கெட்டிய தூரம் அடுக்கியிருந்தார்கள். மேல்மண் சேர எத்தனை வருஷச் சாணம் கொட்ட வேண்டும் என்று எனக்குத் தெரியும்.

விசாலாட்சி, சுகன்யா கொடுத்த காப்பி டம்ளரை மெல்லத் தள்ளி வைத்தார்.

சுகன்யா அதைப் பார்த்துவிட்டாள். ஆனால் முகம் மாறவில்லை. "என்கூட வேல பாத்த அந்த ஊர்ப் பொண்ணுக்கும் இப்படித்தான் அத்தை ஆச்சு. சொந்த ஊர் பேரச் சொன்னதும் நிச்சயம் பண்ண கல்யாணம் நின்னுபோச்சு. நெல்லு போட்டவரு, அரிசி சுத்தம்னு நான் சொன்னதும் வரப்புல உக்காந்து அழுதாரு. ஆனா கடைக்கு வர்றவங்க, பையில ஊர் பேரப் பாத்துட்டுத் திருப்பி வச்சிட்டுப் போறாங்க."

எனக்குச் சுருக்கென்றது. நானும் பையைத் திருப்பி வைத்தவன்தான்.

நல்லுசாமி தொண்டையைச் செருமினார். "நாளைக்குப் புள்ளகுட்டின்னு இருக்குல்லங்க. ஒடம்புக்கு ஒண்ணும் இல்லேன்னு ஒரு சர்டிபிகேட்டு கெடைக்குமா?"

எங்கிருந்துதான் அந்த வேகம் வந்ததோ, எழுந்து நின்றுவிட்டேன்.

"சர்டிபிகேட்டு குடுக்குறதே எம்மகதாங்க! ஊரே பயந்து ஓடுன மண்ணுல எறங்கி நின்னு, இதுல வெதைக்கலாம், இதுல கூடாதுன்னு சொன்னவ. அவளுக்கு யாருங்க குடுக்கணும் சர்டிபிகேட்டு?"

வெளிச்சம் இருக்கும்போதே இறங்க வேண்டும் என்று சொல்லி, கொண்டுவந்த பூவோடு அவர்கள் கிளம்பிவிட்டார்கள். அவர்கள்மேல் எனக்குக் கோபமில்லை. கையை இரண்டு தரம் கழுவினவன் நான்.

பரணில் ஏறிப் பையை எடுத்துவந்தேன்.

"இங்கயா கெடந்துச்சு?" என்றாள் மகள்.

"ஆமா. ஒங்கப்பன்தான் பயந்து ஒளிச்சு வச்சான்."

அவள் பையை வாங்கிக்கொண்டு போய் அடுப்பைப் பற்றவைத்தாள். கஞ்சி வடிக்கப் போன என் மனைவி அழகம்மாளை, "இது வடிக்கிற சோறு இல்லம்மா" என்று தடுத்தாள். சோறு விரலில் ஒட்டியது. லேசாகப் பூண்டு வாசனை. முதல் கவளத்தை நான்தான் எடுத்தேன்.

"கல்யாணத்துக்குன்னு குடுத்த அரிசிப்பா இது" என்றாள் சுகன்யா.

"கல்யாணத்துக்கு அவர மூட்டையாவே அனுப்பச் சொல்லுத்தா. பந்தியில போடுவோம். எந்த ஊரு அரிசின்னு எவனாவது கேக்கட்டும், நான் சொல்றேன்."