முதலில் தப்பாகச் செய்வோம்

எங்கள் தெருமுனை எலும்பு டாக்டரின் மாடியில் யோகா சொல்லிக்கொடுக்கும் மனிதருக்கு ‘எதிர்க்கட்சி’ என்று பெயர் வைத்தது நான் இல்லை. தையல்காரி வைத்தாள். நான் அதை நாலு வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தேன், அவ்வளவுதான்.

ஆள் லேசுப்பட்டவர் இல்லை. கல்லூரியில் தத்துவம் நடத்தியவர். வலி என்பது நிஜமா, தோற்றமா என்று தலையணை கனத்துக்கு ஆராய்ச்சி எழுதிப் பட்டம் வாங்கியவர். ஒரு கருத்தரங்கில், உடம்பு என்பதே வெறும் எண்ணம்தான் என்று அடித்துப் பேசி நிரூபித்துவிட்டு, கைதட்டலுக்குக் குனிந்தாராம். குனிந்தவர் நிமிரவில்லை. இடுப்பு பிடித்துக்கொண்டது. கூட இருந்த பேராசிரியர்கள் சுற்றி நின்று ஆளுக்கொரு விளக்கம் கொடுத்தார்களே தவிர, ஒருவரும் கை கொடுக்கவில்லை. ஆஸ்பத்திரியில் ஒரு பிசியோதெரபி அம்மா அவரைத் தரையில் படுக்க வைத்து, காலைத் தூக்கி நாற்காலியில் போட்டு, “மூச்சை விடுங்க” என்றார். வலி இறங்கியது.

“இத்தனை வருஷப் படிப்பு கொடுக்காததை ஒரு நாற்காலி கொடுத்துடுச்சு” என்று இன்றைக்கும் போகிறவர் வருகிறவரிடமெல்லாம் சொல்வார். சொன்னதோடு விட்டாரா? வேலையை விட்டார். நோய் தீர்க்கும் யோகா என்று எங்கோ போய்ப் படித்துவிட்டு வந்தார்.

அவர் மனைவி பள்ளிக்கூடத் தலைமையாசிரியை. வாசலில் என்னைப் பிடித்துக்கொண்டு கேட்டார். “நாற்காலியால வலி போச்சுன்னா நாற்காலியை வீட்டுக்குக் கொண்டு வரணும். வேலையை ஏங்க விடணும்?” அவருக்கு என்னிடமிருந்து பதில் தேவைப்படவில்லை.

எலும்பு டாக்டர் நல்ல மனிதர். சாயங்காலங்களில் மாடி ஹாலை எடுத்துக்கொள்ளச் சொன்னார். “கோடை முடியட்டும் சார். நான் அனுப்புற ஆள்ல ஒருத்தருக்காவது குணம் தெரியணும். இல்லைன்னா அங்க எக்ஸ்ரே மெஷின் ஏத்திடுவேன்.” தலைமையாசிரியை மனைவியும் விடவில்லை. ஹால் கைவிட்டுப் போனால் பழைய கல்லூரி வாசலில் போய் நிற்பதாக அவரிடம் சத்தியமே வாங்கிவிட்டார். அதை நினைத்தாலே மனிதருக்கு முகம் சுண்டிப்போகும்.

முழங்கால் வலி என்று சொல்லி நானும் சேர்ந்தேன். முழங்கால் நன்றாகத்தான் இருந்தது. தெருவில் நின்று பார்த்தால் மாடியில் நடப்பது தெரியவில்லை, வேறு என்ன செய்ய?

அங்கேதான் படித்த புத்தி பல்லைக் காட்டியது. அவர் படித்த தத்துவத்தில் ஒரு முறை உண்டாம். தன் கருத்தைச் சொல்லும் முன், எதிராளியின் கருத்தை அவனைவிட நன்றாக எடுத்துச் சொல்ல வேண்டும். அப்புறம்தான் மறுக்க வேண்டும். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. மனிதர் அதைக் கொண்டுவந்து கை காலில் வைத்தார்.

“தோளை இப்படித் தூக்குங்க. கழுத்தை இப்படி முறுக்குங்க. இன்னும். இன்னும் கொஞ்சம். எங்க பிடிக்குது?”

“பிடரியில சார்” என்றார் மளிகைக் கடைக்காரர், பல்லைக் கடித்துக்கொண்டு.

“ரொம்ப நல்லது. இது எதிர்த்தரப்பு. முழுசா தப்பு. இப்ப இதை மறுப்போம்.”

மறுக்கும்வரை மளிகைக் கடைக்காரரின் கழுத்து காத்திருக்கவில்லை. ஒரு வாரம் இடப்பக்கமே பார்த்துக்கொண்டு கடையில் உட்கார்ந்திருந்தார். வலப்பக்கம் நிற்கிறவர்களுக்கு அந்த வாரம் பருப்பு கிடைக்கவில்லை. அதற்கப்புறம் மாடிப்படி ஏறுகிறவர்கள் ஒவ்வொருவராகக் கழன்றார்கள். தையல்காரியும் நானும் இன்னும் இரண்டு பேரும்தான் மிச்சம்.

குணம் தெரியுமா என்று டாக்டர் கண் வைத்திருந்ததே தையல்காரி மேல்தான். வலது தோள் இறுகிப்போய், தலைக்கு மேல் அலமாரியில் இருக்கும் நூல்கண்டை எடுக்க முடியாமல் கடையைப் பாதி நேரம் பூட்டி வைத்திருந்தாள். திட்டிக்கொண்டேதான் வகுப்புக்கு வருவாள்.

“அவர் மறுக்கிற பின்பாதி நல்லாத்தான் இருக்குக்கா. கை நெஞ்சு வரைக்கும் வருது. முன்பாதிக்குத்தான் ஆளே தங்க மாட்டேங்குது” என்றாள் என்னிடம். பிறகு அவரிடமே கேட்டாள். “ஏன் சார், தப்பைச் செய்யறதுக்கு உங்ககிட்ட எதுக்கு வரணும்? அதை நான் வீட்லயே நல்லா செய்வேனே.”

“எதிர்த்தரப்பைச் சொல்லாம விட்டா அது நேர்மை இல்லைம்மா.”

“என் தோள்பட்டைக்கு என்ன சார் நேர்மை?”

இந்தச் சமயத்தில் மனைவி அவரைக் கூப்பிட மேலே வந்திருந்தார். வாசலில் நின்றபடியே சொன்னார். “ஏங்க, எதிராளிக்காக வாதாடியே ஆகணும்னா மனசுக்குள்ள வாதாடுங்க. வாய் திறக்கும்போது சரியானது மட்டும் வரட்டும். வீட்ல நான் அப்படித்தானே இருக்கேன்!”

அவர் அடிபட்டவர் போல நின்றார். ஆனால் மறுநாளிலிருந்து அப்படியே செய்தார். ஒவ்வொரு ஆசனத்துக்கும் முன்னால் எங்களைப் படுக்கவைத்து, முழங்காலுக்கு அடியில் தலையணை வைத்துவிட்டு, கண்ணை மூடி நிற்பார். உதடு மட்டும் அசையும். எதிராளி உள்ளே பேசுகிறான் என்று எங்களுக்குத் தெரியும். அவன் முடிக்கும்வரை நாங்கள் மல்லாந்து கிடக்க வேண்டும். கொடுமை என்னவென்றால், கிடக்கக் கிடக்க மூச்சு தானாக நிதானமாகும், உடம்பு ஈரத்துணி போலத் தளர்ந்துவிடும். அதற்கப்புறம் சரியான ஆசனம் சொன்னால் வெண்ணெயில் கத்தி இறங்குவதுபோல இருக்கும். எதிராளி வலுவான ஆளாக இருந்தால் நான் தூங்கியே விடுவேன்.

கோடை முடிந்தது. டாக்டர் மாடி ஏறி வந்தார். பின்னாலேயே எதிர்க்கட்சியின் மனைவியும் வந்து சுவரோரம் நின்றார். தையல்காரியைக் கையைத் தூக்கச் சொன்னார் டாக்டர். எல்லோரும் பார்க்கிறார்கள் என்றதும் அவளுக்குப் பயம் வந்துவிட்டது. கை பழையபடி நெஞ்சோடு நின்றது. டாக்டர் ஹாலின் மூலையை அளப்பது போலப் பார்த்தார். எக்ஸ்ரே மெஷினுக்கு இடம் பார்க்கிறார் என்று எனக்குப் புரிந்தது. எதிர்க்கட்சிக்கு முகம் வெளுத்தது.

“சரி, வகுப்பு எப்படி நடக்குதுன்னாவது பார்க்கிறேன்” என்றார் டாக்டர். நாங்கள் படுத்தோம். எதிர்க்கட்சி கண்ணை மூடினார். உதடு அசைந்தது. ஹாலில் மின்விசிறிச் சத்தம் மட்டும்.

டாக்டரின் தோளே கொஞ்சம் இறங்கியதைப் பார்த்தேன். “ஆரம்பத்துல அமைதியா விடறீங்களே, அருமையா இருக்கு சார். இதனாலதான் தசை தளருதுன்னு நினைக்கிறேன். என்ன முறை இது?”

எதிர்க்கட்சி கண்ணைத் திறந்தார். அந்த முகத்தில் பழைய மேடை வெளிச்சம் வந்துவிட்டது.

“சொல்றேன் டாக்டர். ஆனா அதுக்கு முன்னாடி, இதனால ஒரு பயனும் இல்லைன்னு சொல்றவங்க பக்கத்தை முழுசா எடுத்து...”

“சார்ர்ர்!” என்று எழுந்து உட்கார்ந்த தையல்காரி, கையில் அகப்பட்ட தலையணையைத் தலைக்கு மேல் ஓங்கி வீசினாள். அது நேராகப் போய் அவர் நெஞ்சில் விழுந்தது.

அவள் தன் கையைப் பார்த்தாள். வலது கை. இன்னும் காதுக்கு மேலேயே நின்றுகொண்டிருந்தது.

“எக்ஸ்ரே மெஷின் கீழேயே இருக்கட்டும்” என்றார் டாக்டர்.

மனைவி தலையில் அடித்துக்கொண்டார். அந்த அடியில் சந்தோஷமும் கொஞ்சம் இருந்தது என்று அடித்துச் சொல்வேன். மனிதராவது பேசாமல் இருந்தாரா? தலையணையைத் தூசி தட்டி எடுத்து, “இந்த வீச்சை ரெண்டு விதமாப் பார்க்கலாம்” என்று ஆரம்பித்தார்.

தையல்காரி அடுத்த தலையணைக்குக் கையை நீட்டினாள். வலது கையைத்தான்.