குழாயில் வந்த துணுக்கு

ருமேனியாவில், யாஷ் நகரத்து ஒன்பதாம் எண் அடுக்ககத்தில், வெந்நீரை நிறுத்திய குளிர்காலத்தில்தான் தொவாதெரின் குரல் தண்ணீரோடு சேர்ந்து குழாயில் வர ஆரம்பித்தது. சுவருக்குள் அரசு ஒட்டுக்கேட்கும் கருவி பதித்திருந்த காலம். ஊரில் யார் எதைப் பேசினாலும் முதலில் குழாயைத் திறப்பார்கள். அந்தச் சலசலப்பில் பேச்சு கரைந்துபோகும் என்று நம்பிக்கை. பூகோள வாத்தியாரான தொவாதெரும் தன் துணுக்குகளையெல்லாம் பல வருஷமாகச் சமையலறைத் தொட்டியருகில்தான் சொல்லிவந்தார். அவை கரையவில்லை, குழாய்களிலேயே தங்கிவிட்டன. ஒரு காலை ஐந்து மாடிகளிலும் குழாய் பேசியது: "நாட்டுத் தலைவர் ஊருக்கு வந்தன்னைக்கு மட்டும் கறிக்கடையில கறி தொங்குச்சு. அவரு கார்ல ஏறினதும் கறியும் பின்னாலயே ஏறிக்கிச்சு. டூட்டி முடிஞ்சிருச்சாம்!" தொடர்ந்து அவருடைய இருமல். யாரும் சிரிக்கவில்லை. வாளியை நிரப்பிக்கொண்டார்கள்.

மனைவி அக்லாயா குழாய் வாயில் துணியை அடைத்தாள். "இனிமே வாயைத் திறந்தீங்கன்னா பாத்துக்குங்க!"

"நான் எங்கடி திறந்தேன்? அது போன வருஷத்துச் சரக்கு."

வியாழக்கிழமை ரகசியப் போலீஸ் கேப்டன் வந்து உட்கார்ந்து, அரசின் மாண்பு, சிரிப்பின் வரம்பு, இரண்டையும் பற்றி நீளமாகச் சொற்பொழிவாற்றினார். பிறகு, பழக்கதோஷத்தில், எழுந்துபோய்த் துணியைப் பிடுங்கிக் குழாயைத் திறந்துவிட்டு, குரலைத் தாழ்த்தினார்: "வாத்தியாரே, அசல் காப்பித்தூள் ஒரு பொட்டலம் இருந்தா, விஷயத்தை இதோட முடிச்சிரலாம்." அக்லாயா ஓடிப்போய் எடுத்துவந்தாள். அதற்குள் குழாயில் கறி காரில் ஏறிவிட்டது. கேப்டன் தொப்பி விழச் சிரித்தார். மறுநாள் காலை துணுக்கு, காப்பித்தூள், கேப்டனின் சிரிப்பு, மூன்றும் வரிசையாக ஐந்து மாடிக்கும் போய்ச்சேர்ந்தன. வாத்தியாரையும் கேப்டனையும் ஒரே காரில் ஏற்றிப்போனார்கள்.

அரசு குழாய்களை மாற்றியது. புதுக் குழாயும் அதையே பேசியது. அக்லாயா புருஷனைத் தேடி ஏழு வருஷம் அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினாள். கடைசியில் ஒரு ஜன்னலுக்குப் பின்னாலிருந்த அம்மாள் சலித்துக்கொண்டாள்: "உங்க வீட்டுக்காரர் குரல் அவரோட விலாசத்துலயே தினம் கேக்குதே தோழர், அப்புறம் எப்படி ஆளைக் காணோம்னு நான் எழுதறது?"

அக்லாயாவுக்கும் அது நியாயமாகவே பட்டது. மாலை மணி ஐந்தரை. ஆறு மணிக்குத் தண்ணீர் விடுவார்கள், அதுவும் அரைமணி நேரம்தான். அவள் கைப்பையை இடுக்கிக்கொண்டு டிராமைப் பிடிக்க ஓடினாள்.