கயிற்றின் நீளம்

ஊஞ்சல் கயிற்றை ஒரு முழம் ஏற்றிக் கட்டினால் போதும், அந்தக் கிறீச் சத்தம் இனி ஒருநாளும் பழைய இடைவெளியில் வராது. சின்னவள் இதை மனசுக்குள்தான் சொல்லிக்கொண்டாள்.

கொட்டகை உத்தரத்தில் சாய்த்த ஏணியில் தம்பி நின்றிருந்தான். "புது வண்டி ஊஞ்சல் பலகையில இடிக்குது, சின்னக்கா. கொஞ்சம் தூக்கிக் கட்டிடறேன். யாரு ஆடறா இதுல?"

அவள்தான் ஆடுகிறாள், அக்கா இறந்துபோனதிலிருந்து.

அக்காவின் அறிவியல் பாடத்துக்காக ஒரு விடுமுறை முழுக்க இதே ஊஞ்சலில் கிடந்தார்கள். கனமான ஆள் உட்கார்ந்தால் ஆட்டம் மெதுவாகுமா என்பது கேள்வி. அக்கா சின்னவளுக்கு விளக்கினாள்:

"நாம மாத்துறது சாரா மாறி. இங்க அது ஆளோட எடை. அதைப் பொறுத்து மாறுதான்னு பாக்குறது சார்ந்த மாறி, ஆட்டத்துக்கு ஆகுற நேரம். கயிறு, பலகை, தள்ளுற தூரம் எல்லாம் வாயை மூடிக்கிட்டு அப்படியே இருக்கணும். அதெல்லாம் கட்டுப்படுத்திய மாறி. உன்னை மாதிரி இல்ல."

அக்காவின் மடியில் தம்பியும் ஏறினான். அப்போது அவன் பெயர் மூட்டை. இருவர் பாரத்துக்குக் கயிறு அறுந்துவிடுமோ என்று பயந்து, சின்னவள் அதை உத்தரத்தில் இன்னொரு சுற்றுச் சுற்றி முடிந்தாள். ஆட்டம் விரைந்தது. கனம் கூடினால் வேகம் என்று குதித்தாள்.

அக்கா தலையில் தட்டினாள். "கயிறைக் குட்டையாக்கிட்டியே, மக்கு. ரெண்டையும் சேத்து மாத்தினா, எதனால ஆச்சுன்னு யாரைக் கேக்கறது?"

கயிற்றைப் பழைய நீளத்துக்கு இறக்கி மறுபடி ஆடினார்கள். அக்கா மட்டும், மூட்டை மட்டும், இருவரும் சேர்ந்து. எல்லாவற்றுக்கும் ஒரே நேரம். "இந்த மூட்டையும் நானும் ஒண்ணா?" என்று அக்கா முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டாள்.

அதன் பிறகு கயிறு எத்தனையோ முறை நைந்து மாறியது. ஒவ்வொரு தடவையும் அக்கா பழையதை ஒட்டிவைத்து அளந்துதான் புதியதை முடிந்தாள். அதனால்தான் இப்போதும் சின்னவள் ஆடும்போது, முன்பு அடுக்களையில் நின்று கேட்ட, அக்கா ஆடும் கிறீச் சத்தம் அதே இடைவெளியில் வருகிறது. கண்ணை மூடினால் பலகையில் இருப்பது யார் என்று தெரிவதில்லை.

"அவுக்கட்டுமா?" தம்பியின் கை முடிச்சில் இருந்தது.

"வண்டியைக் கொஞ்சம் பின்னாடி நிறுத்திக்கோடா, மூட்டை."

"மழை வந்தா வண்டியோட பின்பக்கம் நனையும்."

"நனையட்டும்" என்றாள். அவன் இறங்குவதற்காக ஏணியின் அடியைப் பிடித்துக்கொண்டாள்.