வத்ஹா வாய் திறந்தால்

படைத்தவன்மேல் ஆணையாகச் சொல்கிறேன், இதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை.

எங்கள் முஹர்ரக் தீவில் வத்ஹா பாடாத கல்யாணம் கல்யாணமே இல்லை. பெண்கள் நடுவே தப்ஸ் மேளத்தைத் தட்டி அவள் குரலெடுத்தால், முற்றத்துப் பேரீச்சை பருவத்துக்கு முன்பே பழுத்துவிடும். நானே தின்றிருக்கிறேன்.

அவள் புருஷன் மர்ஸூக் முத்துக் குளிப்பவன். படகில் அவன் கயிற்றைப் பிடிப்பவன் நான். அந்த வருடம் புறப்படும் காலையில் அவளிடம் சொன்னான்:

“இனிமே எங்கயும் பாடாத. என் பொண்டாட்டி குரலை ஊரே கேக்கணுமா?”

“சுவத்துக்கு அந்தப் பக்கம் நின்னு இந்தக் குரலைக் கேட்டுட்டுத்தானே என்னைக் கேட்டு ஆள் அனுப்புனீங்க?”

“சொன்னா கேளு.”

“சரி. நீங்களே வந்து பாடுன்னு சொல்ற வரைக்கும் வாயத் திறக்க மாட்டேன்.”

முத்துக் குளிக்கும் பருவம் முடிந்து மற்றப் படகுகள் திரும்பின. எங்களுடையது காற்றில்லாமல் நடுக்கடலில் நின்றுவிட்டது. கரையில் பெண்கள் வழக்கம்போலப் பேரீச்சை மட்டையால் கடலை அடித்தார்கள். “எங்க ஆம்பளைங்கள வச்சுக்கிட்டு நீ குடித்தனமா நடத்தப் போற?” என்று பாட்டாலேயே ஏசினார்கள். ஒரு பூனையைப் பிடித்து நீரில் முக்கினார்கள். பூனைதான் கோபித்துக்கொண்டது; கடல் அசையவில்லை.

மர்ஸூக்கின் தாய் ஷம்மா மருமகளைப் பிடித்து உலுக்கினாள்.

“நீ பாடுனாத்தான்டி இதுக்குக் காது கேக்கும்.”

“அவர் வந்து சொல்லட்டும், மாமி.”

“அவன் வர்றதுக்குத்தானடி பாடச் சொல்றோம்!”

நடுக்கடலில் கிடந்தவனுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்பீர்கள். காற்றில்லாத நாளில் பேச்சு வெகுதூரம் கேட்கும்.

படகில் குடிநீர் தீர்ந்துகொண்டிருந்தது. மர்ஸூக் கரை இருந்த திசையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“தப்புப் பண்ணிட்டேன்டா. ஊர் கேட்டா அவ குரல் என்ன தேஞ்சா போயிரும்?”

“அதை அவகிட்ட சொல்லு.”

“எப்படிடா?”

“கடல் ஒண்ணுதானே. இங்க சொன்னா அங்க கேக்காதா?”

காலில் கல்லைக் கட்டிக்கொண்டு இறங்கினான். அடியில் நின்று கத்தினான். குமிழிகள் வரிசையாகக் கரைக்குப் போனதை என் கண்ணால் பார்த்தேன். அவை வத்ஹாவின் காலடியில் உடைந்து, “பாடு, வத்ஹா. என்னை மன்னிச்சிடு” என்றன.

பாடினாள். எங்கள் பாய் புடைத்தது. சிப்பிகள் வாய் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தன. போகிற போக்கில் முத்துகளைப் பொறுக்கிக்கொண்டோம். அஸர் தொழுகைக்கு முன் கரையேறினோம். மர்ஸூக் தன் கையாலேயே தப்ஸை எடுத்து அவளிடம் கொடுத்தான்.

உண்மையில் எங்கள் படகு இன்றுவரை திரும்பவில்லை. வத்ஹா கிழவியாகிச் செத்தாள். மர்ஸூக் வந்து சொல்லட்டும் என்று, அதுவரை அவள் ஒருநாளும் பாடவில்லை.