கேசிகா வீட்டுக்கு வந்த லிண்டு ஆறு

லிண்டு என்ற இங்கிலாந்து ஆறு ஆடி மாதத்து ஒரு காலையில் இத்தாலியின் பலேர்மோவுக்கு வந்து, கபோ சந்தைக்கு மேலே மூன்றாம் மாடியில் இருந்த கேசிகாவின் குளியலறைக்குள் நுழைந்தது. சின்ன ஆறுதான், இரண்டு எட்டு வைத்தால் தாண்டிவிடலாம். பச்சைப் பாசியும் ஒரு வாத்தும் கூடவே வந்திருந்தன. கீழ்வீட்டு இனெஸ் தன் முகடு ஒழுகுகிறதென்று கத்திக்கொண்டு ஏறி வந்தாள். ஆற்றைக் கண்டதும், இதற்குக் குழாய் திருத்துகிறவனைக் கூப்பிட்டுப் பயனில்லை என்று இறங்கிப் போய்விட்டாள்.

லிண்டுவின் சரித்திரம் ஒன்றும் பெரிதில்லை. சுண்ணாம்புக் குன்றடியில் ஊற்றாகப் பிறந்து, முந்தி இரண்டு மாவாலைகளைச் சுழற்றி, செம்மறிகளைக் குளிப்பாட்டி, தேவாலயத்துக்குப் பின்னால் வளைந்து, ஒரு புல்வெளியில் நிலத்துக்குள் இறங்கிக் காணாமல் போய்விடும். கடலை அது கண்டதே கிடையாது. அந்த ஊரில் இறந்துபோன கேசிகாவின் தம்பி கிரிசாந்தின் சாம்பலைக் கூட்டாளிகள் அதில்தான் கரைத்தார்கள். ஆறென்று சொல்ல ஒன்றுமில்லாத யாழ்ப்பாணத்திலிருந்து போன பொடியள், பாவம். எந்த ஆறும் கடலுக்குத்தான் போகும் என்று நம்பிவிட்டார்கள். பெர்மெசோவை, அதுதான் வதிவிட அனுமதியை, புதுப்பிக்கக் கொடுத்திருந்ததால் கேசிகாவால் செத்தவீட்டுக்கும் போக முடியவில்லை. சாம்பல் கடல் சேரவில்லை என்று பிறகு அறிந்த நாளிலிருந்து அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

இப்போது தண்ணீரை அள்ளிப் பார்த்தாள். சாம்பல் நரைத்துக் கிடந்தது.

"இஞ்சேருங்கோ," என்று கணவன் கஜானனைக் கூப்பிட்டாள். "வெயில் ஏறினா இது இஞ்சையும் நிலத்துக்குள்ளை இறங்கிப்போடும். பிறகு தம்பிக்குக் கடலே இல்லை."

"ஓம், அழாதையும். துறைமுகம் கிட்டத்தானே? கூட்டிக்கொண்டு போவம்."

கேசிகா முன்னே நடக்க, ஆறு படிக்கட்டால் இறங்கிச் சந்தைக்குள் வந்தது. பழக்கதோஷம், கல் இடுக்கைக் கண்ட இடமெல்லாம் உள்ளே புகப் பார்த்தது. மீன்கடை அந்த்ரேயா ஒன்றும் கேட்காமல் ஈரச்சாக்குகளை இடுக்குகளில் திணித்தான். மரக்கறிக்காரர்கள் கடைக்கூரைத் துணிகளைக் கழற்றி வழிநெடுக விரித்தார்கள். தக்காளி நனைந்ததற்கு மட்டும் ஒருத்தி திட்டினாள்.

துறைமுக விளிம்பில் ஆறு நின்றுவிட்டது. கடலுக்குப் பயந்ததோ, அவளை விட்டுப்போக மனமில்லையோ, யாருக்குத் தெரியும். கேசிகா குனிந்து நீரைத் தடவினாள். வெளிக்கிடுகிறவர்களைப் "போயிட்டு வா" என்று அனுப்பித்தான் அவளுக்குப் பழக்கம். இந்தமுறை அந்த 'வா'வை விட்டுவிட்டாள்.

"போ தம்பி," என்றாள். "இனி நிக்காதை, போ."

ஆறு கடலுக்குள் இறங்கி முடிய நேரம் பிடித்தது. நேப்பிள்ஸுக்குப் போகிற கப்பல் அதுவரை காத்திருந்து, பிந்தித்தான் வெளிக்கிட்டது. பயணிகள் யாரும் முறைப்பாடு சொல்லவில்லை.